தெலரூ: ஒரே மெட்டைத் திருப்பித் திருப்பிப் போட்டவரா?

2025 பிப்ரவரி 22, வாசகர் கேள்வி

பிரெஞ்சு இயக்குநர் கோதாரின் ‘ல மெப்ரி’ பார்த்தேன். படம் முழுக்க ஒரே சோக மெட்டு, வந்துகொண்டே இருக்கிறது. இசையமைப்பாளர் ஜார்ஜ் தெலரூவுக்கு வேறு மெட்டே கிடைக்கவில்லையா? போதாக்குறைக்கு, அவர் வாங்கிய ஒரே ஆஸ்கரும் பதினெட்டாம் நூற்றாண்டு இத்தாலிய இசையமைப்பாளர் விவால்டியின் மெட்டு இருக்கும் படத்துக்காம். த்ரூஃபோ, கோதார் என்ற பெரிய இயக்குநர்கள் கூப்பிட்டார்கள் என்ற அதிர்ஷ்டத்தைத் தாண்டி இவரிடம் என்ன இருக்கிறது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பிப்ரவரி 22, இரவு

முதல் குற்றச்சாட்டு ஆள்மாறிப் போயிருக்கிறது. திருப்பித் திருப்பிப் போட்டவர் கோதார். தெலரூ அந்தப் படத்துக்கு எழுதிக் கொடுத்தது சுமார் கால்மணி நேர இசைதான். கோதார் அதைப் படத்தொகுப்பு மேசைக்குக் கொண்டுபோய்த் தனக்கு வேண்டிய இடங்களில் வைத்தார், வேண்டிய இடத்தில் வெட்டினார், வசனத்தின் மேலேயே ஏற்றினார். எழுதியவரைக் கேட்காதீர்கள், வைத்தவரைக் கேளுங்கள்.

விவால்டி விஷயம் பெரிது. அதற்குத் தனியாக எழுதுகிறேன்.

பிப்ரவரி 23

இந்தப் படத்தோடு எனக்கு ஒரு பழைய கணக்கு இருக்கிறது. அதைச் சொல்லாமல் மேலே போக முடியாது.

இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன் வேலை நிமித்தமாக டூரினில் ஓர் அறையில் தங்கியிருந்தேன். ஒருநாள் நள்ளிரவில் தொலைக்காட்சியில் இந்தப் படம் ஓடியது. ‘இல் தீஸ்ப்ரெட்ஸோ’ என்பது இத்தாலியத் தலைப்பு. எல்லோரும் இத்தாலிய மொழியிலேயே பேசினார்கள். பின்னணியில் சோம்பலான ஜாஸ். பிரிஜித் பார்தோ அழகாக இருந்தார், காப்ரித் தீவின் கடல் நீலமாக இருந்தது, நான் பாதியில் தூங்கிவிட்டேன். ஒரு கணவனும் மனைவியும் காரணமில்லாமல் சண்டை போடும் படம் என்று என் மனத்தில் பதிந்துபோயிற்று.

சில ஆண்டுகள் கழித்து பிரான்சின் லீல் நகரில் ஒரு நண்பர் வீட்டில் பேச்சு இந்தப் படத்துக்குத் திரும்பியது. அவர் “அந்த இசை!” என்று கண்ணை மூடிக்கொண்டார். ஜாஸ் பரவாயில்லைதான், அதற்கு இவ்வளவா என்று கேட்டேன். என்ன ஜாஸ் என்றார் அவர். இருவரும் பிடிவாதக்காரர்கள். அவர் நான் வேறு படத்தைப் பார்த்துவிட்டு உளறுகிறேன் என்றார், நான் அவருக்கு நினைவு தடுமாறுகிறது என்றேன். பிறகுதான் விஷயம் வெளியே வந்தது. தயாரிப்பாளர் கார்லோ போன்டி இத்தாலிக்கென்று படத்தைச் சுருக்கி, பல மொழி வசனங்களையும் இத்தாலியமாக்கி, தெலரூவின் இசையை எடுத்துவிட்டுப் பியேரோ பிச்சோனியின் ஜாஸை வைத்திருந்தார். நான் பார்த்தது அந்தப் பிரதி.

அன்று இரவே நண்பர் பிரெஞ்சுப் பிரதியைப் போட்டார். எழுத்தில் பெயர்கள் வராது, கோதாரின் குரல் பெயர்களை வாசிக்கும். தூரத்தில் தண்டவாளத்தின் மேல் கேமரா ஒன்று நம்மை நோக்கி நகர்ந்து வரும், பக்கத்தில் ஒரு பெண் புத்தகம் படித்துக்கொண்டே நடப்பாள். கடைசியில் அந்தக் கேமரா திரும்பிக் குனிந்து நம்மையே பார்க்கும். இவ்வளவுதான் காட்சி. அதன் கீழே தெலரூவின் தந்தி வாத்தியங்கள். இன்னும் ஒரு பாத்திரமும் வாய் திறக்கவில்லை, அதற்குள் ஏதோ ஒன்று கைநழுவிப் போய்விட்டது என்று எனக்குத் தெரிந்துவிட்டது. அதற்குப் பிறகு கணவனும் மனைவியும் போடும் சண்டையில் காரணம் தேடத் தோன்றவில்லை.

படத்திலிருந்து ஒருவருடைய இசையை எடுத்துவிட்டால் என்ன மிஞ்சும் என்று பெரும்பாலும் ஊகிக்கத்தான் முடியும். இங்கே ஊகிக்கவே வேண்டாம், இரண்டு பிரதிகளும் இருக்கின்றன. பிச்சோனியும் நல்ல இசையமைப்பாளர், அவரைக் குறை சொல்லவில்லை. அவருக்குக் கொடுக்கப்பட்ட வேலையே வேறு.

பிப்ரவரி 25

இதுவரை எழுதியதைத் திரும்பப் படித்தபோது முதல் குறிப்பு உறுத்தியது. “எழுதியவரைக் கேட்காதீர்கள், வைத்தவரைக் கேளுங்கள்” என்று எழுதிவிட்டேன். தெலரூவைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு அவர் பங்கைக் கோதாரிடம் தூக்கிக் கொடுத்திருக்கிறேன். மாற்றிக்கொள்கிறேன். எல்லா மெட்டும் இப்படித் திரும்ப வருவதைத் தாங்காது. இது தாங்குகிறது என்றால் அது எழுதியவர் கையில்தான் இருக்கிறது.

என் மகள் பியானோ கற்கிறாள். படத்தின் நாயகி பெயரால் வழங்கும் அந்த ‘கமீய்’ மெட்டைப் பியானோவுக்குச் சுருக்கி எழுதிய இரண்டு பக்கத் தாளை அவளுடைய ஆசிரியை கொடுத்திருந்தார். வாரக்கணக்கில் வீட்டில் அதுதான். கேட்டுக் கேட்டு எனக்குப் பிடிபட்டது ஒன்று. கீழே இடக்கை ஓயாமல் அலைந்துகொண்டே இருக்கிறது, மேலே மெட்டு நீண்ட மூச்சாக எழுகிறது. உச்சத்துக்குப் போய் வெடிக்கும் என்று எதிர்பார்க்கும் இடத்தில் வெடிப்பதில்லை, தணிந்து இறங்கிவிடுகிறது. இறங்கினாலும் முடிந்ததாகத் தோன்றுவதில்லை. அதனால் எந்த இடத்தில் வெட்டினாலும் அது வலிக்கிறது, எந்த இடத்தில் மறுபடி தொடங்கினாலும் அது முன்பே தொடங்கியிருந்தது போல இருக்கிறது. கோதார் கத்தரியோடு வந்தபோது அவருக்குக் கிடைத்த துணி அப்படிப்பட்டது.

இன்னொன்று. மெட்டு ஒன்றுதான், கேட்கும் நாம்தான் மாறிக்கொண்டே வருகிறோம். முதல் தடவை படுக்கையில் கமீய், என் பாதம் பிடிக்குமா, முழங்கால் பிடிக்குமா என்று கணவனைக் கேட்கும் காட்சியில் அது காதல். பின்னால் அதே சுரங்கள் வரும்போது அவள் அவனை வெறுக்கிறாள். மெட்டை மாற்றியிருந்தால் ‘இப்போது சோகம், கவனியுங்கள்’ என்று சொல்வதாக ஆகியிருக்கும்.

மார்ச் 1

விவால்டிக்கு வருவோம்.

படம் ‘எ லிட்டில் ரொமான்ஸ்’, 1979, இயக்குநர் ஜார்ஜ் ராய் ஹில். பாரிசில் ஒரு பிரெஞ்சுப் பையனும் அமெரிக்கப் பெண்ணும் காதலித்து வெனிசுக்கு ஓடிப்போகிறார்கள், லாரன்ஸ் ஒலிவியே கூடவே ஒரு கிழவராக வருகிறார். லூட் என்ற தந்தி வாத்தியத்தை முன்னிறுத்தி விவால்டி எழுதிய கன்செர்ட்டோவிலிருந்து மெதுவான நடுப்பகுதி படத்தில் வருகிறது, அது நினைவில் நிற்கவும் செய்கிறது. மறுக்கவில்லை. ஆனால் அந்த ஒரு பகுதியைச் சுற்றி மிச்சப் படத்துக்கு எழுத வேண்டியிருந்தது. விவால்டி முடிந்து தெலரூ தொடங்கும் இடத்தில் ஒட்டுப்போட்டது தெரியக்கூடாது, அதே சமயம் விவால்டியைக் காப்பியடித்ததாகவும் இருக்கக்கூடாது. எழுதிப் பார்த்தவர்களைக் கேளுங்கள், இது சின்ன வேலை இல்லை.

எனக்கு இன்னொன்றும் இப்போதுதான் பொறிதட்டுகிறது. அதே காலத்தில் பெர்த்ரான் பிளியேயின் ‘ப்ரெபாரே வோ முஷ்வார்’ படத்துக்காக அவர் பிரான்சின் திரைப்பட விருதான சேசாரை வாங்கினார். அந்தப் படத்தின் பாத்திரங்களுக்கு மோசார்ட் என்றால் பைத்தியம், படம் முழுக்க மோசார்ட். ஒரு விருது விவால்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, இன்னொன்று மோசார்ட்டுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து. த்ரூஃபோவின் ‘லா நுயி அமெரிக்கேன்’ படத்தின் ‘கிரான் கொரால்’ பகுதியைக் கேட்டால் எக்காளமும் தந்திகளுமாகப் பதினெட்டாம் நூற்றாண்டிலிருந்து வந்தது போல நிமிர்ந்து நிற்கும். ஆனால் அது முழுக்க அவர் எழுதியது. பெரியவர்கள் பக்கத்தில் கூசாமல் உட்காரும் பழக்கம் இவருக்கு இருந்திருக்கிறது. வாசகர் குறையென்று கொண்டுவந்ததை நான் இவருடைய கைத்திறன் என்று எடுத்துக்கொள்கிறேன்.

மார்ச் 2

சின்னத் திருத்தம், எனக்கு அல்ல. கீழே கருத்துப் பகுதியில் ஒருவர் “த்ரூஃபோவின் ‘ஜூல் எ ஜிம்’ படத்தில் ழான் மொரோ பாடும் தெலரூவின் பாட்டு” என்று எழுதியிருக்கிறார். பலரும் இப்படி நினைக்கிறார்கள். ‘ல தூர்பியோன்’ பாட்டை எழுதி மெட்டமைத்தவர் செர்ஜ் ரெஸ்வானி. பாசியாக் என்ற புனைபெயரில் எழுதினார். மொரோ பாடும்போது கிட்டார் வாசித்துக்கொண்டு உட்கார்ந்திருப்பவரும் அவரே. அந்தப் படத்தில் பாட்டைத் தவிர்த்த இசை தெலரூவுடையது. மூவரும் சைக்கிளில் போகும் இடங்களில் கேட்டுப் பாருங்கள்.

த்ரூஃபோவின் ‘லாமூர் ஆன் ஃப்யூயித்’ படத்தின் தலைப்புப் பாட்டும் இப்படித்தான். அது அலென் சூஷோன், லொரான் வூல்ஸி இருவருடையது. பின்னணி இசைக்குச் சேசார் வாங்கியவர் தெலரூ.

மார்ச் 8

அதிர்ஷ்டம் என்ற சொல் இன்னும் நெருடிக்கொண்டிருக்கிறது. இந்த மனிதருக்கு அதிர்ஷ்டம் எங்கிருந்து வந்தது என்று பார்த்துவிடுவோம்.

1925 மார்ச் 12-இல் ரூபேயில் பிறந்தார். பிரான்சின் வட கோடியில் பெல்ஜியம் எல்லையை ஒட்டிய நெசவாலை ஊர். பணக்காரக் குடும்பம் இல்லை. வீட்டில் பாட்டு இருந்தது, காசு இல்லை. பள்ளியை விட்டுத் தொழிற்சாலை வேலைக்குப் போனார், கூடவே கிளாரினெட் கற்றார். அப்புறம் ஒரு சைக்கிள் விபத்து, முதுகெலும்பு வளைந்துபோய் நீண்ட நாள் படுக்கை. இசையமைப்பாளர் ஆவது என்று அந்தப் படுக்கையில்தான் முடிவெடுத்தார். போர் முடிந்த 1945-இல் பாரிஸ் இசைக் கல்லூரியான கான்செர்வத்வார். அங்கே அவருடைய ஆசிரியர்களில் ஒருவர் இசையமைப்பாளர் தாரியுஸ் மியோ. 1949-இல் இளம் இசையமைப்பாளர்களுக்கான ரோம் பரிசில் இரண்டாம் இடம்.

மியோதான் அவரை அவிஞோன் நாடக விழாவுக்கு அனுப்பினார். நாடக இயக்குநர் ழான் விலார் அந்த விழாவைத் தொடங்கிய ஆரம்ப வருடங்கள் அவை. திறந்த வெளியில் நாடகம், குறைந்த வாத்தியக்காரர்கள், நேரமில்லை, நடிகர் பேசும்போது இசை ஒதுங்கிக்கொள்ள வேண்டும். இசையமைப்பாளர் மோரிஸ் ழாரும் விலாரின் நாடகக் குழுவில் தேறியவர்தான். பின்னால் பாலைவனமும் பனிச்சமவெளியுமாக இயக்குநர் டேவிட் லீனுக்கு இசையமைத்து மூன்று ஆஸ்கர் வாங்கினார். இருவரையும் அடுத்தடுத்துக் கேட்டால் மேடையில் கற்றது தெரியும்: எங்கே வாயை மூடிக்கொள்ள வேண்டும் என்று இருவருக்கும் தெரியும்.

பிறகு பத்தாண்டுகள் குறும்படங்கள். கடல், துறைமுகம், தொழிற்சாலை, சுற்றுலா என்று என்ன வந்தாலும். ஆன்யெஸ் வார்தாவின் ‘லோபேரா மூஃப்’, ‘த்யூ கொத்தே த லா கோத்’ இரண்டும் 1958. ஐந்தாறு பேர் வாசிக்கும் குழுவுக்கு எழுதி, ஒரு பிற்பகலில் பதிவு முடித்து, அடுத்ததற்கு ஓட வேண்டும். 1960-இல் த்ரூஃபோ ‘தீரே ஸ்யூர் ல பியானிஸ்த்’ படத்துக்கு அழைத்தபோது தெலரூவுக்கு முப்பத்தைந்து வயது, கையில் பத்தாண்டுத் தழும்பு. ‘புதிய அலை’ என்று அழைக்கப்பட்ட அந்தப் பிரெஞ்சு இயக்குநர்கள் இருபதுகளின் இறுதியில் இருந்த பொறுமையற்ற இளைஞர்கள், பணமும் இல்லை. அவர்களுக்கு வேகமாகவும் சிக்கனமாகவும் எழுதத் தெரிந்த ஆள் தேவைப்பட்டார். யாருக்கு யார் அதிர்ஷ்டம்?

மார்ச் 12

இன்று தெலரூவுக்கு நூறு வயது. லீலிலிருந்து மெட்ரோவின் இரண்டாம் தடத்தில் ரூபே போய் வந்தேன். பகல் முழுவதும் மேகம். சிவப்புச் செங்கல் வீடுகள் தோளோடு தோள் ஒட்டி நிற்கும் தெருக்களில் காதில் ‘ஜூல் எ ஜிம்’ போட்டுக்கொண்டு நடந்தேன். பழைய நீச்சல்குளத்தை அருங்காட்சியகமாக மாற்றியிருக்கிறார்களே, அந்த ‘லா பிஸீன்’ வாசல் வரை போய்த் திரும்பிவிட்டேன். ஆலைத் தொழிலாளர்கள் குளிக்கவும் நீந்தவும் 1932-இல் திறந்த குளம். அப்போது தெலரூவுக்கு ஏழு வயது.

அவருடைய இசையில் வால்ட்ஸ் என்ற மூன்றடித் தாள நடன இசை நிறைய வரும். தொழிலாளர் ஊரின் ஞாயிற்றுக்கிழமை நடனக் கூடத்து வால்ட்ஸ் எனக்கு அதில் கேட்கிறது. இது என் காது சொல்வது. ஆதாரம் கேட்காதீர்கள்.

மார்ச் 15

தெலரூ எப்படி இருப்பார், எப்படிப் பேசுவார் என்று ஒருவர் கேட்டிருக்கிறார். நல்ல கேள்வி. த்ரூஃபோ அதற்கும் வழி செய்து வைத்திருக்கிறார்.

முகம் பார்க்க வேண்டுமா? ‘லே தோசாங்கிளேஸ்’, 1971. கதாநாயகன் க்ளோதின் சொத்து விவகாரங்களைக் கவனிக்கும் ஆளாகச் சில நிமிடங்கள் வருவார். குரல் வேண்டுமா? ‘லா நுயி அமெரிக்கேன்’ தொடக்கத்தில் பெயர்கள் வரும்போது கவனியுங்கள். திரையில் படச்சுருளின் ஒலித்தடம் கோடுகளாக நடுங்கிக்கொண்டிருக்கும். கேட்பது முடித்துவைத்த இசை இல்லை, ஒத்திகை. தெலரூ வாத்தியக்காரர்களை நிறுத்தி, திருத்தி, மறுபடி வாசிக்கச் சொல்லிக்கொண்டிருப்பார். படம் எடுப்பதைப் பற்றிய படம் என்பதால் முதலில் வேலை செய்பவர்களின் சத்தம் கேட்கட்டும் என்று த்ரூஃபோ நினைத்திருக்கிறார்.

அதே படத்தில் இன்னொரு காட்சி. த்ரூஃபோவே நடிக்கும் இயக்குநருக்கு இசையமைப்பாளரிடமிருந்து தொலைபேசி வருகிறது. புதிதாகப் பதிவு செய்த பகுதியைத் தொலைபேசியிலேயே போட்டுக் காட்டுகிறார். இயக்குநர் அதைக் கேட்டுக்கொண்டே ஒரு பார்சலைப் பிரிக்கிறார். உள்ளே புத்தகங்கள். ஒவ்வொன்றாக மேசையில் விழுகின்றன: புனுவேல், ட்ரையர், லூபிட்ச், பெர்க்மன், ஹிட்ச்காக், ரோசெலினி, ப்ரெஸோன். ஒரு வசனம் இல்லை. அந்த மெல்லிய தொலைபேசி இசையும் அட்டைப்படப் பெயர்களும் மட்டும். அந்தக் காட்சியை எத்தனை தடவை பார்த்தேன் என்று கணக்கில்லை. இயக்குநர் தன் ஆசான்களின் பெயர்களை மேசைமேல் அடுக்கும்போது காதில் கேட்கட்டும் என்று தேர்ந்தெடுத்தது தெலரூவை. மனிதர் ஒருவருக்குச் செய்யக்கூடிய மரியாதை வேறு என்ன இருக்கிறது?

இருவரும் சேர்ந்தது பத்து முழுநீளப் படங்கள், ஒரு குறும்படம்.

மார்ச் 16

நேற்று எழுதியது அண்ணன் தம்பி உறவு போல ஆகிவிட்டது. நடுவில் விரிசலும் உண்டு. 1964-இன் ‘லா போ தூஸ்’ படத்துக்குப் பிறகு த்ரூஃபோ பெர்னார்ட் ஹெர்மனிடம் போனார், அடுத்து ஆந்த்வான் துஹமெலிடம். ‘லா நுயி அமெரிக்கேன்’ வந்த பிறகும்கூட அடுத்த நான்கு படங்களுக்கு மோரிஸ் ழோபேரின் இசையை எடுத்துக்கொண்டார். ழோபேர் 1940-இல் போரில் இறந்தவர். முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு முன் இறந்தவரின் பழைய இசையை மறுபடி வாசித்துப் பதிந்து, அதற்கேற்பக் காட்சிகளை எடுத்தார். உயிரோடிருக்கும் இசையமைப்பாளர் இதை எப்படி எடுத்துக்கொள்வார் என்று யோசித்துப் பாருங்கள்.

தெலரூ காத்திருக்கவில்லை, வேலை செய்துகொண்டிருந்தார். 1979-இல் த்ரூஃபோ திரும்பி வந்தார். 1979, 1980, 1981 என்று மூன்று சேசார் விருதுகள் தொடர்ந்து தெலரூவுக்கு. மூன்றாவது ‘ல தெர்னியே மெத்ரோ’. 1983-இல் ‘விவ்மான் திமான்ஷ்’. அதோடு முடிந்தது. 1984 அக்டோபரில் த்ரூஃபோ இறந்தார்.

மார்ச் 18

இயக்குநர் பிலிப் த ப்ரோகாவைப் பற்றி ஒரு வரிகூட எழுதவில்லையே என்று கடிந்துகொண்டவருக்கு: நியாயம். த்ரூஃபோவைவிட அதிகப் படங்கள் அவரோடுதான். ‘லோம் த ரியோ’வில் நடிகர் பெல்மொந்தோ ஓடும் ஓட்டத்துக்கு இசையும் கூடவே மூச்சிரைக்க ஓடும். ‘கார்தூஷ்’ சிரித்துக்கொண்டே போய் கடைசியில் அழவைக்கும். ‘ல ர்வா த கேர்’ பிரான்சில் ஓடவில்லை, அமெரிக்கப் பல்கலைக்கழக ஊர்களில் ஆண்டுக்கணக்கில் ஓடியது. எங்கள் வீட்டில் ஓட்டெடுத்தால் கோதார் தோற்பார், ப்ரோகா ஜெயிப்பார்.

மார்ச் 20

இன்று தெலரூ இறந்த நாள். 1992, லாஸ் ஏஞ்சலஸ். இயக்குநர் புரூஸ் பெரஸ்ஃபோர்டின் ‘ரிச் இன் லவ்’ படத்துக்குக் கடைசிப் பகுதியைப் பதிவு செய்து முடித்த கையோடு. அறுபத்தேழு வயது. கலிபோர்னியாவில் க்ளெண்டேலில் அடக்கம் செய்யப்பட்டிருக்கிறார்.

ரூபேயில் பிறந்தவர் ஏன் அங்கே போனார்? எண்பதுகளின் தொடக்கத்தில் குடிபெயர்ந்தார். அதற்கு முன்பே ‘எ மேன் ஃபார் ஆல் சீசன்ஸ்’, ‘ஆன் ஆஃப் தி தவுசண்ட் டேஸ்’, ‘ஜூலியா’ என்று ஆங்கிலப் படங்கள் செய்திருந்தார், ஆஸ்கரும் கையில் இருந்தது. பெரிய இசைக்குழு, ஓயாத வேலை.

ஆனால் அங்கே நடந்ததை நினைத்தால் வயிறு எரிகிறது. ‘சம்திங் விக்கெட் திஸ் வே கம்ஸ்’ படத்துக்கு முழு இசையும் எழுதி, பதிவு செய்தும் முடித்தார். தயாரித்த ஸ்டூடியோ அதைத் தூக்கிவிட்டு ஜேம்ஸ் ஹார்னரை வைத்து மறுபடி எழுத வைத்தது. ‘பிளட்டூன்’ படத்துக்கும் இவர்தான் இசை, ஆனால் இயக்குநர் ஆலிவர் ஸ்டோன் அமெரிக்க இசையமைப்பாளர் சாமுவேல் பார்பரின் ‘அடாஜியோ’வோடு ஒன்றிப்போய்விட்டார். உலகம் இன்றும் அந்தப் படத்தை பார்பரால்தான் நினைவு வைத்திருக்கிறது. விவால்டி பக்கத்திலும் மோசார்ட் பக்கத்திலும் கௌரவமாக உட்கார்ந்தவருக்கு அங்கே பக்கத்து நாற்காலிகூடச் சரியாகக் கிடைக்கவில்லை. ‘ரிகார்டிங் ஹென்றி’ படத்துக்கு எழுதியதும் ஏற்கப்படவில்லை, ஹான்ஸ் ஜிம்மர் வந்தார்.

பிரான்சின் 1957 மார்ச் 11 சட்டம், படத்துக்கென்றே இசை எழுதியவரை இயக்குநர், திரைக்கதையாசிரியர் வரிசையில் அந்தப் படத்தின் ஆசிரியர்களில் ஒருவர் என்று ஏற்றுக்கொண்டது. அமெரிக்காவில் கூலிக்கு எழுதிய இசை தயாரிப்பாளரின் சொத்து. படைப்பாளி என்ற நாற்காலியை விட்டுவிட்டுக் கூலிக்காரர் என்ற முக்காலியில் போய் உட்கார்ந்தாரே என்றுதான் எனக்கு எப்போதும் ஆற்றாமை.

மார்ச் 29

ஒன்பது நாள் யோசித்தேன். மேலே இருப்பதில் பாதியைத் திரும்பப் பெறுகிறேன்.

ஹாலிவுட் அவர் இசையைத் தூக்கி எறிந்தது என்று கொதித்தேன். பிப்ரவரி 23-ஆம் தேதி நானே எழுதியதை மறந்துவிட்டேன். அவருடைய ஆகச் சிறந்த இசையைப் படத்திலிருந்து எடுத்தது ஹாலிவுட் ஸ்டூடியோ இல்லை, 1963-இல் ஓர் ஐரோப்பியத் தயாரிப்பாளர். 1957 சட்டம் அமலில் இருந்தபோதே, பிரான்சும் சேர்ந்து தயாரித்த படத்தில். சட்டம் பிரெஞ்சுப் பிரதிக்குக் காவல் நின்றிருக்கலாம், டூரினில் என் அறைத் தொலைக்காட்சி வரை வரவில்லை. எல்லா ஊரிலும் தயாரிப்பாளரிடம் கத்தரி இருக்கிறது.

இரண்டாவது, பெரஸ்ஃபோர்ட். ‘க்ரைம்ஸ் ஆஃப் தி ஹார்ட்’, ‘மிஸ்டர் ஜான்சன்’, ‘பிளாக் ரோப்’, கடைசியாக ‘ரிச் இன் லவ்’. ஒரு மனிதர் தன்னைத் திரும்பத் திரும்பக் கூப்பிட வேண்டும் என்பதுதான் எந்த இசையமைப்பாளரின் ஆசையும். த்ரூஃபோ போன பிறகு அவருக்கு அது அங்கே கிடைத்தது. ‘பிளாக் ரோப்’ கேட்டிருக்கிறீர்களா? பதினேழாம் நூற்றாண்டுக் கனடாவின் காட்டு ஆற்றில் ஓர் இளம் பாதிரியார் படகில் போகிறார். படத்தில் இரக்கமே கிடையாது. இசையில் மட்டும் இருக்கிறது, அதுவும் அளந்து. அறுபத்தாறு வயதில் இதை எழுதியவர் வீணாய்ப் போனார் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

மூன்றாவது, அவர் பிரெஞ்சுப் படங்களை விட்டுப் போகவும் இல்லை. 1989-இல் ‘லா ரெவோல்யூசியோன் ஃப்ரான்சேஸ்’. பியேர் ஷோன்தோர்ஃபரின் ‘தியென் பியென் ஃபூ’ வெளியானது 1992 மார்ச் மாதம், அவர் இறந்த அதே மாதம். அதற்கு வயலினை முன்னிறுத்தி எழுதிய இசைக்கு ‘விடைபெறும் கன்செர்ட்டோ’ என்று பெயர். பெயரைப் பார்த்து அவருக்கு முன்கூட்டியே தெரிந்திருந்தது என்று கதை கட்ட வேண்டாம். விடைபெறுவது அந்தப் படத்தின் படைவீரர்கள்.

ஒதுக்கப்பட்ட ‘சம்திங் விக்கெட்’ இசையும் மண்ணோடு போகவில்லை. பிறகு லண்டனில் தன் படங்களிலிருந்து தேர்ந்தெடுத்துத் தானே நடத்திப் பதிவு செய்த தட்டுகளில் அதற்கும் இடம் கொடுத்தார்.

ஏப்ரல் 3

வெஸ் ஆண்டர்சன் ‘ஃபென்டாஸ்டிக் மிஸ்டர் ஃபாக்ஸ்’ படத்திலும், நோவா பாம்பாக் ‘ஃப்ரான்ஸஸ் ஹா’விலும் தெலரூவின் பழைய துண்டுகளை எடுத்து வைத்திருக்கிறார்கள், ஸ்கோர்செஸி ‘கஸினோ’வில் கமீய் மெட்டையே வைத்தார் என்று கீழே ஒருவர் நினைவூட்டினார். நன்றி, விட்டுப்போயிற்று. லாஸ் வேகாஸ் சூதாட்டக்காரர்களின் சண்டையில் காப்ரித் தீவின் மெட்டு. கோதார் தொடங்கி வைத்த வெட்டி ஒட்டும் வேலை இன்னும் நின்றபாடில்லை.

ஏப்ரல் 6

கேள்வி கேட்ட வாசகர் மறுபடி வந்திருக்கிறார். ‘ல மெப்ரி’யை இரண்டாம் தடவை பார்த்ததாகவும், இந்தத் தடவை எரிச்சல் வரவில்லை என்றும், ஆனால் தெலரூவின் இசையை முதலில் எந்தப் படத்திலிருந்து தொடங்கியிருக்க வேண்டும் என்றும் கேட்கிறார்.

‘ஹிரோஷிமா மோனாமூர்’, 1959. படத்தின் இசை ஜொவானி ஃபுஸ்கோவுடையது. நடுவில், காசு போட்டால் தட்டு ஓடும் ஜூக்பாக்ஸ் ஒன்று ஒரு வால்ட்ஸைப் பாடும். அந்த வால்ட்ஸை மட்டும் தெலரூவை எழுதச் சொன்னார்கள். யாரோ எழுதிய படத்தில், யாரோ போடும் தட்டாக, இரவில் இரண்டு பேர் மேசையில் உட்கார்ந்து பழைய காயத்தைப் பேசிக்கொண்டிருக்கும்போது ஓரமாக ஒலிக்க வேண்டிய இசை. சில நிமிடம்தான். முதலில் அந்தக் காட்சியைப் பேச்சைக் கவனித்துப் பாருங்கள். பிறகு ஒரு தடவை ஜூக்பாக்ஸை மட்டும் கேளுங்கள். என் மகளும் அதன் பியானோத் தாளைத் தேடிக்கொண்டிருக்கிறாள். யாரிடமாவது இருந்தால் கீழே எழுதுங்கள்.